மௌனத்தையும் நினைவையும் காக்கும் தெய்வம்: கற்பனை உலகுக்கு ஒன்றை உருவாக்கும் முறை

ஃபேண்டஸி நாவலுக்கோ, நண்பர்களோடு மேசையைச் சுற்றி உட்கார்ந்து ஆளுக்கொரு பாத்திரமாக ஆடும் ரோல்பிளே ஆட்டத்துக்கோ ஒரு போர்த் தெய்வத்தை உருவாக்குவது எளிது. வாள், ரத்தம், வெற்றி என்று நூல் பிடித்துப் போய்விடலாம். நினைவும் மௌனமும் சேர்ந்த தெய்வம் அப்படி வராது, ஏனென்றால் இரண்டும் ஒன்றோடொன்று மல்லுக்கு நிற்பவை. நினைவு நிலைக்க யாராவது சொல்லிக்கொண்டே இருக்க வேண்டும். சொல்லாதே என்கிறது மௌனம். பலர் இந்த முரணைக் கண்டுகொள்ளாமல் கடந்துபோகிறார்கள். அவர்களுக்குக் கிடைப்பது சாம்பல் நிற அங்கியில் சோகமாக நிற்கும் ஒரு சிலை. அதற்குக் கதையில் செய்ய ஒரு வேலையும் இருக்காது.

முரணை அடித்தளமாக வைத்துக் கட்டுவதைத்தான் இங்கே படிப்படியாகப் பார்க்கப்போகிறோம். உதாரணத்துக்காகவே உருவாக்கிய தெய்வத்தின் பெயர் உவராள். உப்பளங்கள் சூழ்ந்த, நாலாயிரம் பேர் வாழும் ஒரு கற்பனை ஊரின் தெய்வம். உங்கள் தெய்வம் வேறு மண்ணில் பிறக்கலாம், முறை இதேதான்.

முதலில் ஒரே ஒரு வாக்கியம்

நினைவும் மௌனமும் ஏன் ஒரே தெய்வத்திடம் வந்து சேர்ந்தன? இதற்கு ஒரு வாக்கியத்தில் விடை எழுதுங்கள். "அவளுக்கு எல்லாம் நினைவிருக்கும், ஆனால் பேச மாட்டாள்" என்பது வருணனைதான், காரணம் அதில் இல்லை. காரணம் கிடைக்கும்வரை அடுத்த படிக்குப் போகாதீர்கள். பின்னால் வரும் கோயில், சடங்கு, பூசாரி, திருவிழா எல்லாம் இதிலிருந்துதான் முளைக்கும்.

நிஜ உலகில் தேடினால் இந்த இணைப்பு எவ்வளவு அரிது என்பது புரியும். பெரிய நினைவு மரபுகள் எல்லாம் சத்தமானவை. வேதத்தைப் பதம், கிரமம், ஜடை, கனம் என்று சொற்களை முன்னும் பின்னுமாக மாற்றி ஓதிக் காத்தார்கள். பிசகினால் காது பிடித்துவிடும். மேற்கு ஆப்பிரிக்காவின் கிரியோக்கள் என்ற பாடகர்கள் அரச வம்சாவளியைப் பாடியே காத்தார்கள். மௌனத் தெய்வங்களுக்கோ வேறு வேலை. கல்லால மரத்தடியில் தட்சிணாமூர்த்தி நான்கு முனிவர்களுக்குச் சொல்லாமல் சொல்வது ஞானம். ரோமானியரின் ஆங்கெரோனாவுக்கு வாயைக் கட்டி முத்திரையிட்ட சிலை இருந்தது, டிசம்பர் 21-இல் விழா எடுத்தார்கள். அவள் காத்தது ரகசியம்.

இணைப்புக்கு ஓரளவு அருகே வருவது பண்டைக் கிரேக்கத்தில் லெபடேயா ஊரில் இருந்த ட்ரோபோனியஸின் குறிமேடை. குறி கேட்க வந்தவர் முதலில் மறதியின் நீரைக் குடித்தார், அதுவரை மனத்தில் இருந்தது கழிய. அடுத்து நினைவின் நீரைக் குடித்தார், இனிக் காணப்போவது தங்க. பிறகு நிலத்தடிக் குழிக்குள் இறங்கினார். மேலே வந்ததும் நினைவின் ஆசனத்தில் உட்காரவைத்து, கண்டதையும் கேட்டதையும் பூசாரிகள் விசாரித்தார்கள். புதியதை ஏற்கப் பழையது இடம்விட வேண்டும் என்ற தர்க்கம் எவ்வளவு உறுதியாக நிற்கிறது பாருங்கள். ஒவ்வொரு செயலுக்கும் காரணம் உண்டு. எதுவும் அலங்காரத்துக்காக வைத்ததில்லை.

உவராளின் வாக்கியம் இது: நினைவை உப்பாக உறையவைப்பவள் உவராள், அசைவிருந்தால் உப்பு சரியாக உறையாது, அதனால் அவள் முன்னால் யாரும் பேசுவதில்லை. ஊரார் தங்கள் நினைவை அவளிடம் கொடுப்பார்கள், அது உப்புக்கட்டியாகக் கோயிலில் இருக்கும், பின்னால் அந்தக் கட்டியை நாவில் கரைப்பவருக்கு அந்த நினைவு போய்ச் சேரும்.

நினைவு எந்தப் பொருளில் இருக்கிறது

"தெய்வத்தின் மனத்தில் இருக்கிறது" என்று எழுதிவிட்டால் அங்கேயே கதை முடிந்தது. எடுக்க முடியாது, திருட முடியாது, தொலைக்கவும் முடியாது. கையில் பிடிக்கக்கூடிய ஒரு பொருளைத் தேர்ந்தெடுங்கள். அதை எடை போட முடிய வேண்டும். அதற்கு இயற்கையிலேயே ஓர் எதிரி இருக்க வேண்டும். தென் அமெரிக்காவின் இன்காக்கள் கிப்பு என்ற முடிச்சுக் கயிறுகளில் கணக்கு வைத்தார்கள். படிக்கத் தெரிந்தவர்கள் மறைந்தபின் கயிறு இருந்தும் அதன் பேச்சில் பெரும்பகுதி போய்விட்டது. கயிற்றுக்கு எதிரி வாசிப்பவனின் மரணம். ஏட்டுக்குக் கறையான், கல்லுக்கு உளி, உப்புக்கு மழை.

தமிழில் எழுதுகிறவருக்கு உப்பில் இன்னொரு வசதியும் உண்டு. "உப்பிட்டவரை உள்ளளவும் நினை" என்று கேட்டே வளர்ந்த வாசகருக்கு உப்புக்கும் நினைவுக்குமான உறவை நீங்கள் விளக்க வேண்டியதில்லை.

பொருளைத் தேர்ந்த பிறகு அதைப் பற்றி உண்மையாகப் படியுங்கள். மந்திரம் கலக்காத உப்பு எப்படி நடந்துகொள்கிறது? கடல்நீரில் லிட்டருக்குச் சுமார் 35 கிராம் உப்புகள், அதில் சாப்பாட்டு உப்பு ஏறக்குறைய 27 கிராம். உப்பளத்தில் நீரைப் பாத்தி பாத்தியாகக் கடத்தி அடர்த்தியாக்குகிறார்கள். முதலில் ஜிப்சம் படியும், பிறகு உப்பு. கடைசியில் மிஞ்சும் மக்னீசியம் மிகுந்த கசப்பு நீரை வடித்துவிட வேண்டும்; விட்டால் உப்பு கசக்கும், ஈரமும் இழுக்கும். காற்றின் ஈரப்பதம் 75 சதவீதத்தைத் தாண்டினால் தூய உப்பே கசியத் தொடங்கும். நீர் அசையாமல் மெதுவாக வற்றினால் பெரிய, தெளிந்த, கட்டம் கட்டமான படிகம் வரும். கலங்கினாலோ வேகமாக வற்றினாலோ பொடிதான்.

இந்தக் கடைசித் தகவல் போதும், மௌனத்துக்கு ஒரு பருப்பொருள் காரணம் கிடைத்துவிட்டது. படிகக் கிண்ணங்கள் இருக்கும் அறையில் யாரும் ஓடுவதில்லை, கதவை அறைவதில்லை, பேசுவதில்லை. நிஜத்தில் பேச்சொலி மட்டும் படிகத்தைக் கெடுத்துவிடாது. அந்த ஒரு படியைத்தான் கற்பனை கூடுதலாக ஏறுகிறது. மற்ற எல்லாம் உப்பளத்துக்காரர் ஒப்புக்கொள்ளும்படி இருப்பதால் அந்த ஒன்றையும் வாசகர் நம்புவார். கசப்பு நீருக்கும் வேலை இருக்கிறது: வன்மத்தோடு கொடுத்த நினைவின் உப்பு கசக்கும், எப்போதும் ஈரமாகவே இருக்கும். அடுக்கில் கசியும் கிண்ணத்தைப் பார்த்தாலே பூசாரிக்கு விஷயம் புரிந்துவிடும்.

அளவைக் கணக்குப் போட்டுப் பாருங்கள்

இந்தப் படியைத் தாண்டிக் குதிப்பவர்கள்தான் அதிகம். மிக நல்ல காட்சிகள் கிடைப்பதோ இங்கேதான்.

நினைவுக்கட்டி எவ்வளவு பெரியது? எலுமிச்சை அளவு என்று எழுதக் கை துறுதுறுக்கும். ஆனால் அதை ஒருவர் நாவில் கரைத்து விழுங்க வேண்டும். ஒரே மூச்சில் 50 கிராம் உப்பு உள்ளே போனால் ஆளின் உயிருக்கே ஆபத்து; உலக சுகாதார நிறுவனம் ஒரு நாளைக்கு 5 கிராமுக்குக் குறைவாக என்கிறது. ஆக, கட்டி 3 கிராம். ஒரு சென்டிமீட்டரை விடச் சற்றே பெரிய கனசதுரம். அதற்கு வேண்டிய உப்பு அரை டம்ளருக்குச் சற்று கூடுதலான கடல்நீரிலேயே இருக்கிறது. ஆனால் அந்த அளவில் ஒற்றைப் படிகம் குலையாமல் வளர வாரக்கணக்கில் ஆகும். நாற்பது நாள் என்று வைத்துக்கொள்ளலாம். கொடுத்தவரிடமிருந்து நினைவு போய்விட்டது, உப்பு இன்னும் உறையவில்லை என்ற இந்த இடைவெளி கதாசிரியருக்குக் கிடைத்த வரம். அந்த நாற்பது நாளில் கிண்ணத்தை யாராவது தட்டிவிட்டால் அந்த நினைவு யாரிடமும் இல்லை.

ஊரில் நாலாயிரம் பேர். சராசரி ஆயுள் ஐம்பது என்றால் ஆண்டுக்கு எண்பது பேர் இறப்பார்கள். ஆயுளில் ஒரு முறை கொடுப்பது வழக்கம் என்றால், முந்நூறு ஆண்டில் 24,000 கட்டிகள். ஒவ்வொன்றும் ஐந்து சென்டிமீட்டர் அகலமுள்ள மண்சிமிழில். ஆளுயரத்துக்கு இருபது தட்டுகள் என்றால் 60 மீட்டர் நீளச் சுவர் வேண்டும். பத்து மீட்டர் நீளத்தில் மூன்று இடைவழிகள், இரண்டு பக்கமும் அடுக்கு, கருவறை அளந்தாயிற்று.

மொத்த எடை 72 கிலோ. முந்நூறு ஆண்டு நினைவு ஒரே ஒரு உப்பு மூட்டை. ஒரு கழுதை சுமந்துவிடும், ஒரு திருடன் ஓர் இரவில் கடத்திவிடுவான். அதைக் கரைக்க 200 லிட்டர் தண்ணீர் போதும், ஒரு பீப்பாய். கூரையில் ஓர் ஓட்டை, ஒரு நல்ல ஐப்பசி மழை. இப்படியொரு அச்சுறுத்தலைக் கணக்குப் போடாமல் யாருக்கும் யோசிக்கத் தோன்றாது.

கட்டடமும் தன்னால் வடிவம் பெறுகிறது. உப்புக் காற்றில் இரும்பு நிற்காது, அதனால் மர ஆணி. மரம் தாங்கும்: போலந்தின் வியலிச்கா உப்புச் சுரங்கத்தில், தரைக்கு 101 மீட்டர் கீழே உப்பிலேயே குடைந்த தேவாலயம் இருக்கிறது; அந்தச் சுரங்கத்தை மர முட்டுகள் நூற்றாண்டுகளாகத் தாங்கி வருகின்றன. கல்லும் காரையும் எதிர்மாறு. உப்பு துளைகளுக்குள் புகுந்து படிகமாகி உள்ளிருந்தே உரித்துவிடும். ஆகவே கோயிலின் அடிச்சுவர் எப்போதும் பொரிந்தே இருக்கும், ஆண்டுதோறும் பூச வேண்டியிருக்கும். ஈரத்தை இழுக்க மூலைகளில் சுட்ட சுண்ணாம்புக் கட்டிகள், மழைக்காலத்தில் அணையாத கனல் சட்டிகள். மழைக்காலப் பூசாரியின் வேலை பக்தியை விடத் தீயைப் பார்த்துக்கொள்வதுதான்.

நகல் கிடையாது

தெய்வத்தின் ஆற்றலுக்கு ஒரு விதி வையுங்கள். ஒன்றே போதும், ஆனால் விலக்கு இருக்கக் கூடாது. உவராளின் விதி: நினைவு இடம் மாறும், பெருகாது. கொடுத்தவரிடமிருந்து போய்விடும், சிமிழில் இருக்கும், நாவில் கரைத்தவருக்குப் போனதும் சிமிழ் காலி. ஒரு நேரத்தில் ஓர் இடம்.

இந்த விதி இல்லாவிட்டால் என்ன கெடும்? தெய்வம் எல்லாம் அறிந்த உளவுத்துறை ஆகிவிடும். ஒரு கொலை நடந்தால் கதாபாத்திரங்கள் கோயிலுக்குப் போய்க் கேட்டுவிடுவார்கள். மர்மம் முதல் பக்கத்திலேயே செத்துவிடும். உவராளுக்குத் தெரிந்தது கொடுக்கப்பட்டது மட்டுமே. கேட்டுத் தெரிந்துகொள்ளவும் வழியில்லை. யாராவது விழுங்க வேண்டும், விழுங்கினால் கோயில் அதை இழக்கும். சாட்சியை ஒரே ஒரு முறைதான் விசாரிக்கலாம், விசாரிப்பவரே அடுத்த சாட்சி.

எல்லைகளை எழுதி வைத்துக்கொள்ளுங்கள். ஒரு கட்டியில் சூரிய உதயம் முதல் அஸ்தமனம் வரையிலான ஒரு பகல் மட்டும் அடங்கும். கைத்தொழில், மொழி, நீச்சல் போன்ற பழக்கங்கள் உப்பில் இறங்காது. கொடுப்பவர் உண்மையென நம்புவதுதான் இறங்கும், ஆகவே உப்பு பொய் சொல்லாது. ஆனால் தப்பாகப் புரிந்துகொண்டவரின் உப்பும் தப்பாகவே இருக்கும். கொடுத்தவருக்குக் கோயில் ஒரு வெற்றுச் சிப்பியைத் தரும். சிறிய ஏற்பாடுதான், ஆனால் கட்டாயம் வேண்டும். இல்லையென்றால் எதையோ கொடுத்தோம் என்பதே அவருக்குத் தெரியாது, உங்கள் கதாபாத்திரம் காரணமில்லாமல் குழம்பிக்கொண்டு திரியும். சிப்பி கையில் இருந்தால் குழப்பம் ஏக்கமாக மாறுகிறது.

மௌனத்தைப் பிரித்து வையுங்கள்

மௌனம் ஒன்று அல்ல. பயந்த மௌனம், துக்க மௌனம், விரத மௌனம், உடந்தையின் மௌனம் எல்லாம் வேறு வேறு. அனைத்தையும் ஒரே தெய்வத்தின் தலையில் சுமத்தினால் எதுவும் துலங்காது. உவராளுக்கு மூன்று போதும். படிக அறையின் மௌனம்: வேலைக்கானது, அறையை விட்டு வெளியே வந்தால் முடிந்தது. விழுங்கியவரின் மௌனம்: ஒரு அஸ்தமனம் முதல் அடுத்த அஸ்தமனம் வரை, நினைவு உடம்பில் படிவதற்கு, இடையில் பேசினால் பேசிய அளவு நினைவு சிந்திவிடும். காவல் பூசாரிகளின் மௌனம்: ஆயுள் முழுவதும். மூன்றுக்கும் கால அளவு வேறு, மீறினால் வரும் விளைவும் வேறு. விளைவு சாபமாக இருக்கத் தேவையில்லை. நினைவு சிந்துவதே போதுமான தண்டனை.

சடங்கை எழுதும்போது

சடங்கில் பண்புப் பெயர்கள் குறைவாகவும் பொருள்கள் அதிகமாகவும் இருக்கட்டும். ரோமில் பிப்ரவரி 21-இல், இறந்தோருக்கான பெராலியா நாளில், டாகிடா என்ற மௌனத் தெய்வத்துக்கு ஒரு கிழவி செய்த சடங்கு கவிதையில் பதிவாகியிருக்கிறது. மூன்று விரலால் மூன்று தூபத் துண்டுகளை எடுத்து வாசற்படிக்கு அடியில் வைக்கிறாள். நூலை ஈயத்தோடு கட்டுகிறாள். ஏழு கருப்பு அவரை விதைகளை வாயில் உருட்டுகிறாள். ஒரு சிறுமீனின் தலையை ஊசியால் தைத்து நெருப்பில் வாட்டுகிறாள். முடிந்ததும் "பகைவர் நாவைக் கட்டிவிட்டோம்" என்கிறாள். "புனிதம்", "ஆழ்ந்த அமைதி" மாதிரிச் சொல் ஒன்றுகூட இல்லை. தைத்த மீன்வாய் எல்லாவற்றையும் சொல்லிவிடுகிறது.

வரிசைக்கு நம்மிடமே நல்ல மாதிரி இருக்கிறது. இறந்த வீரனுக்கு நடுகல் எடுப்பதைக் காட்சி, கால்கோள், நீர்ப்படை, நடுதல், பெரும்படை, வாழ்த்து என ஆறு கட்டமாகத் தொல்காப்பியம் வகுக்கிறது: கல்லைத் தேர்வது, தொடங்குவது, நீராட்டுவது, நடுவது, படையல் இடுவது, வாழ்த்துவது. பொருள் கண்டெடுக்கப்பட்டுப் படிப்படியாகத் தெய்வமாகிறது. உவராளின் சடங்கை இந்த எலும்புக்கூட்டின் மேல் இப்படிக் கட்டலாம்:

1. கொடுக்க வந்தவர் ஒரே ஒரு பகலைத் தேர்ந்து, அதற்கு ஒரு அடையாளத்தை (மாட்டின் நிறம், கிணற்றின் பெயர்) மனத்தில் வைக்கிறார். வாயால் சொல்வதில்லை.
2. அதிகாலையில், காற்று எழும் முன், தெளிந்த உப்புநீரைப் பாத்தியிலிருந்து ஒரு படி மொள்கிறார். கலங்கிய நீரைப் பூசாரி திருப்பி ஊற்றிவிடுவார்.
3. நீரைத் துணியில் வடிகட்டிக் கிண்ணத்தில் விட்டு, குதிரைவால் மயிரில் கட்டிய ஒரு உப்பு மணியை நடுவில் தொங்கவிடுகிறார்கள். விதைப் படிகம் இல்லாவிட்டால் உப்பு விளிம்பெல்லாம் பொரிந்து நிற்கும், கட்டி கிடைக்காது.
4. கொடுப்பவர் நீர்மேல் மூச்சு விடுகிறார், அந்தப் பகலை நினைத்தபடி. எழும்போது அது அவரிடம் இல்லை. கையில் சிப்பி.
5. நாற்பதாம் நாள் படிகத்தை எடுத்து, கசப்பு நீரை வடித்து, கனல் சட்டி அருகே உலர்த்திச் சிமிழில் இடுகிறார்கள்.

ஆறாவது கட்டமான வாழ்த்து இங்கே இல்லை. நடுகல்லில் வாய்ச்சொல் வரும் இடம் உவராளிடம் வெற்றிடமாக இருக்கிறது. இந்த விடுபடலை எவரும் விளக்க வேண்டாம். வேற்றூரிலிருந்து வந்த கதாபாத்திரம் ஒருவர் வழக்கத்தில் வாழ்த்தத் தொடங்கி, சுற்றியிருப்போர் முகத்தைப் பார்த்து நிறுத்தினால் போதும்.

பேசாத பூசாரியை எழுதுவது

இங்கேதான் பல நாவல்கள் தடுமாறுகின்றன. பேசாதவர் வரும் ஒவ்வொரு காட்சியிலும் தலையசைப்பும் பெருமூச்சும் நிறைந்து, மூன்றாம் காட்சியில் வாசகர் சலித்துவிடுகிறார். பூசாரிகளுக்குக் கைமொழி கொடுங்கள். ஐரோப்பிய மடங்களில், குறிப்பாக க்ளூனியில், பேச்சைக் கட்டுப்படுத்திய துறவிகள் ரொட்டி, மீன், புத்தகம் என ஒவ்வொன்றுக்கும் சைகைப் பட்டியலே வைத்திருந்தார்கள். அவை பெரும்பாலும் பெயர்ச்சொல் பட்டியல்கள். முழு இலக்கணம் உள்ள கைமொழி வேண்டுமென்றால் காது கேளாதோர் பேசும் மொழிகளைப் பாருங்கள். அவற்றில் முகபாவம் கேள்வியாகிறது, கை நகரும் திசை வேற்றுமை உருபாகிறது. இந்த ஊரில் காது கேளாமல் பிறந்தவர்தான் கோயில் மொழியின் தலைசிறந்த பேச்சாளராக இருப்பார். அவரை அதிசயப் பிறவியாகவோ பரிதாபத்துக்குரியவராகவோ காட்டாதீர்கள்; அந்த மொழியில் அவர் கைதேர்ந்தவர், மற்றவர்கள் திக்குகிறவர்கள்.

நாற்பது சைகைகளைத் தீர்மானித்து வைத்துக்கொண்டால் ஒரு நாவல் தாங்கும். மழை, கனல், சிமிழ், யார், எத்தனை, உயிரோடு, இறந்தவர், கசப்பு, இல்லை, பிறகு என்று அன்றாட வேலைக்கு வேண்டியவற்றில் தொடங்குங்கள். "நித்தியம்" கடைசியில் வரட்டும், வராவிட்டாலும் பாதகமில்லை. எழுத்தில் முதல் முறை மட்டும் கையசைவை விவரியுங்கள்:

பூசாரி கட்டைவிரலைக் கீழுதட்டில் வைத்து எடுத்தார்: உப்பு. அதே விரலை உள்ளங்கையில் தேய்த்து முகம் சுளித்தார்: கசப்பு. புருவம் உயர்ந்தே இருந்தது. கேள்வி.
"என் அண்ணனோடதுதான்" என்றாள் அவள்.
யாருக்கு வன்மம்?
"சொல்ல மாட்டேன்."
அப்படியானால் அவனுக்கே திருப்பிக் கொடு.

மூன்றாவது வரியிலிருந்து சைகை மேற்கோள்குறி இல்லாமல் நேரடியாக ஓடுகிறது. புத்தகம் முழுவதும் இந்த ஒழுங்கை மாற்றாதீர்கள். இன்னொன்று: கைமொழிக்காரரின் கை வேலையாக இருந்தால் அவரால் பேச முடியாது. இருட்டிலும் பேச முடியாது. கனல் சட்டியைச் சுமந்து வரும் பூசாரியிடம் அவசரக் கேள்வி கேட்டால், அவர் சட்டியை எங்கே வைப்பது என்று முதலில் தேடுவார்.

பூசாரிகளின் உடம்பையும் மறக்காதீர்கள். உப்பளத்தில் வேலை செய்வோருக்குப் பாதம் வெடிக்கும், சிறு காயமும் ஆற மறுக்கும், வெள்ளைப் பரப்பில் பட்டுத் தெறிக்கும் வெயில் கண்ணைக் கெடுக்கும். பனையோலையில் முடைந்த நெற்றி மறைப்பு, எண்ணெய் பூசிய பாதம்: இந்தப் பூசாரியை எந்த வாசகரும் மறக்க மாட்டார்.

திருவிழா

மௌனத் திருவிழாவை எழுதுகிறவர்கள் மௌனத்தை மட்டும் எழுதிவிட்டு நிறுத்திக்கொள்கிறார்கள். பாலித் தீவின் நியேபி நாளைப் பாருங்கள். அன்று தீ மூட்டக் கூடாது, வேலை செய்யக் கூடாது, பயணம் கூடாது, கேளிக்கை கூடாது; விமான நிலையமே 24 மணி நேரம் மூடப்படுகிறது. பெசலாங் எனப்படும் ஊர்க்காவலர் தெருவில் சுற்றிவந்து கண்காணிக்கிறார்கள். அதற்கு முந்தின மாலையோ, ஓகோ-ஓகோ என்ற பூதப் பொம்மைகளைச் சுமந்து காது கிழியச் சத்தமிட்டு ஊர்வலம் போகிறார்கள். மௌனம் உறைக்க முன்னால் இரைச்சல் வேண்டும். காக்க ஆள் வேண்டும். மருத்துவமனை மாதிரி விலக்குகளும் வேண்டும். உவராளின் திருநாளை மழைக்கு முந்தைய கடைசி உப்பு வாரும் நாளில் வையுங்கள். முந்தின இரவு முழுக்கப் பறையும் கூச்சலும். விடிந்தபின் பிரசவ வேதனையில் இருப்பவள் மட்டும் கத்தலாம். பச்சைக்குழந்தை அழுதால் குற்றமில்லை. நாய் குரைத்தால்? உங்கள் ஊர் இதைத் தீர்மானித்தே ஆக வேண்டும்.

கோயிலால் யாருக்கு இழப்பு

நல்லது மட்டும் செய்யும் தெய்வம் கதைக்குப் பாரம். நினைவை எடுத்துவைக்கும் இடம் ஒன்று இருந்தால் அதிகாரத்தின் கை அங்கே முதலில் நீளும். சாட்சியை மிரட்டி "கொடுத்துவிடு" என்று கோயிலுக்கு இழுத்து வரலாம். கடன்காரன் தன் கல்யாண நாளை விற்கலாம். துக்கம் தாளாத தாய் பிள்ளையின் கடைசி நாளைக் கொடுத்துவிட்டு, சிப்பியைப் பார்த்துப் பார்த்து மாய்ந்துபோகலாம். பூசாரிகள் மறுக்க உரிமை உண்டா? எப்போது? இதற்கு விடை உங்கள் கோயிலின் அறத்தைச் சொல்லிவிடும்.

அழிப்பது சுலபம் என்றும் எழுதிவிடாதீர்கள். 211-இல் ரோமப் பேரரசர் கரகல்லா தன் தம்பி கெட்டாவைக் கொன்று, அவன் பெயரையும் உருவத்தையும் எங்கும் அழிக்க ஆணையிட்டான். பெர்லினில் இருக்கும் ஒரு வட்ட மர ஓவியத்தில் அந்தக் குடும்பத்தில் மற்ற மூவரின் முகமும் இருக்கிறது, கெட்டாவின் முகம் மட்டும் சுரண்டப்பட்ட வெறும் வட்டம். பார்ப்பவர் கண் முதலில் போவது அங்கேதான். உவராளின் அடுக்கில் ஒரு வரிசை காலிச் சிமிழ்கள் இருந்தால் ஊர் அதைப் பற்றித்தான் சைகையில் பேசும்.

பெயரும் உருவமும்

இதில் அதிக நேரம் செலவிட வேண்டாம். கோயிலார் ஒரு பெயரும், உப்பளத்தார் செல்லமாக ஒரு பெயரும், பகையூரார் இழிவாக ஒரு பெயரும் வழங்கட்டும். ஒரு தெய்வம் பலர் வாயில் புழங்கியதற்கு அதுவே அடையாளம். உருவத்தில் உதட்டில் விரல் வைக்கும் சைகையைத் தவிர்த்துவிடுங்கள். எகிப்தின் குழந்தை ஹோரஸ் விரலை வாயில் வைத்திருந்தது பிள்ளைப் பருவத்தைக் காட்ட. கிரேக்கர் அதை மௌனம் என்று எடுத்துக்கொண்டு ஹார்போக்ரட்டீஸ் என்ற மௌனத் தெய்வத்தையே உண்டாக்கினார்கள். அன்றிலிருந்து அது தேய்ந்த படம். உவராளுக்கு முகமே வேண்டாம். நாற்பதாம் நாளில் கிண்ண விளிம்பில் படியும் வெள்ளை வளையம்தான் அவள் உரு, வீட்டுக் கதவுகளிலும் அதைத்தான் வரைகிறார்கள்.

எழுதும் முன் சோதனை

முழு நாவலில் இறக்கும் முன் இரண்டு பக்கக் காட்சி ஒன்றை எழுதிப் பாருங்கள்: ஒரு சிமிழ் காணாமல் போயிருக்கிறது, மழை வர இரண்டு நாள் இருக்கிறது, பூசாரிக்கும் ஊர்த்தலைவருக்கும் வாக்குவாதம். காட்சி நகர நீங்கள் புதிதாக ஒரு மந்திர விதி சேர்க்க நேர்ந்தால், பழைய விதியில் ஓட்டை இருக்கிறது. திரும்பிப் போய் அதை அடையுங்கள். தெய்வத்தின் பெயரை எடுத்துவிட்டு வேறொரு தெய்வத்தின் பெயரைப் போட்டாலும் காட்சி அப்படியே நின்றால், பொருள் இன்னும் கதைக்குள் இறங்கவில்லை.

மேசை ஆட்டத்துக்கு எடுப்பவர்கள் இரண்டு மாற்றம் செய்ய வேண்டும். படிக அறைக்குள் நுழைந்ததும் ஆட்டக்காரர்களும் வாய் திறக்கக் கூடாது என்று வைத்தால் முதல் ஐந்து நிமிடம் அற்புதமாக இருக்கும். அதற்கு மேல் நீட்டாதீர்கள். ஒரு மணல் கடிகாரத்தைக் கவிழ்த்து வையுங்கள், மணல் தீர்ந்ததும் வெளியே வந்துவிடலாம். இரண்டாவது, நினைவைக் கொடுக்கும் ஆட்டக்காரர் அந்தப் பகலை ஓர் அட்டையில் நான்கு வரியில் எழுதி, ஆட்டத்தை நடத்தும் கேம் மாஸ்டரிடம் தர வேண்டும். பாத்திரத்துக்குத் தெரியாததை ஆட்டக்காரர் அறிந்திருப்பது இந்தத் தெய்வத்தில் தவிர்க்க முடியாது. அதனால் எந்தப் பகலைக் கொடுப்பது என்பதை அவரே தேர்ந்தெடுக்கட்டும், கேம் மாஸ்டர் பறிக்கக் கூடாது. அட்டையை யார் விழுங்கினாலும் அவரிடம் கொடுத்துவிடுங்கள், படியெடுத்து வைக்காதீர்கள்.